வீட்டுப் பக்கத்துல பட்டறை: கோர்ட் ஆர்டர் வாங்குறது பாதி வேலை, பூட்டு தொங்க வைக்கிறது மீதி

குடியிருப்புத் தெருவுக்குள்ள ஓடுற பிளேட்டிங் யூனிட், சாயப்பட்டறை, பவுடர் கோட்டிங் ஷெட், பழைய பேட்டரி உருக்குற இடம், பிளாஸ்டிக் அரைக்கிற மில்லு, இதுல எதுவா இருந்தாலும் மூட வைக்க சட்டத்துல நிறையவே வழி இருக்கு. ஆனா ஜட்ஜ் உங்க தெருவுக்கு வந்து நின்னு அந்த ஆசிட் நெடியை மோந்து பாக்கப் போறதில்ல, முன்னாடி இருக்குற கட்டுல என்ன பேப்பர் இருக்கோ அதை வச்சுத்தான் ஆர்டர் போடுவாரு. அதனால கேஸ் போடுறதுக்கு முன்னாடி செய்யுற வேலைதான் கேஸை ஜெயிக்க வைக்குது, ஆர்டர் வந்த பிறகு செய்யுற வேலைதான் பட்டறையை மூட வைக்குது. நடுவுல கோர்ட்ல நடக்குறது அந்த ரெண்டையும் விட சின்ன வேலைதான்னு நான் உறுதியா நம்புறேன். தமிழ்நாட்டை வச்சு எழுதுறேன், மத்திய சட்டங்கள் எல்லா மாநிலத்துக்கும் ஒண்ணுதான், ஆபீஸ் பேரு மட்டும் மாறும்.

முதல்ல அந்த இடத்தோட ஜாதகத்தை எடுங்க

மூணு கேள்விக்கு எழுத்துல பதில் வேணும். ஒண்ணு, அந்த இடம் மாஸ்டர் பிளான்ல என்ன ஜோன்? இதைச் சொல்ற நகரமைப்புத் திட்ட ஆபீஸ் சென்னைன்னா சிஎம்டிஏ, வெளியூர்னா டிடிசிபி, ரெண்டுக்கும் 2019 கட்டட விதிகள்தான். முதன்மைக் குடியிருப்பு, கலப்புக் குடியிருப்பு, வணிகம், தொழில்னு பிரிச்சிருப்பாங்க, குடியிருப்பு ஜோன்லயும் சின்ன மோட்டார் வச்சு கொஞ்ச பேர் வேலை பாக்குற குடிசைத் தொழிலுக்கு அனுமதி இருக்கு, அதனால "ஜோன் குடியிருப்பு, அதனால தப்பு"ன்னு கண்ணை மூடிக்கிட்டு எழுதிடாதீங்க, எத்தனை ஹெச்பி, எத்தனை பேர்ங்கிறதையும் சேர்த்துப் பாருங்க. ரெண்டு, மாசு கட்டுப்பாட்டு வாரியத்தோட இசைவாணை இருக்கா, அதாவது நாம கன்சென்ட்னு சொல்றது. 1974 தண்ணீர் சட்டம், 1981 காற்றுச் சட்டம், ரெண்டுலயும் தனித்தனியா வாங்கணும், ஆரம்பிக்கிறதுக்கு ஒண்ணு, ஓட்டுறதுக்கு ஒண்ணு. ரெட், ஆரஞ்சு, கிரீன்னு மாசோட அளவை வச்சு பிரிவு இருக்கு, ஒயிட் பிரிவுக்கு மட்டும் கன்சென்ட் வேண்டாம், தகவல் சொன்னா போதும். மூணு, மாநகராட்சி தொழில் உரிமம், அது எந்தத் தொழிலுக்குன்னு பாருங்க, "இன்ஜினியரிங் ஒர்க்ஸ்"னு வாங்கிட்டு உள்ள குரோம் பிளேட்டிங் ஓட்டுறது ரொம்ப சாதாரணமா நடக்குற விஷயம்.

இதை எல்லாம் ஆர்டிஐ, அதாவது தகவல் அறியும் உரிமைச் சட்டத்துல மனு போட்டு கேளுங்க. 10 ரூபா கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, வாரியத்தோட மாவட்ட சுற்றுச்சூழல் பொறியாளர் ஆபீஸுக்கு ஒண்ணு, மாநகராட்சிக்கு ஒண்ணு, திட்ட ஆபீஸுக்கு ஒண்ணு, மின்வாரியத்துக்கு ஒண்ணு. 30 நாள்ல பதில் வரணும், வரலைன்னா அடுத்த 30 நாளுக்குள்ள முதல் மேல்முறையீடு போட்டுடுங்க, தள்ளிப் போடாதீங்க. கேள்வியை ஒழுங்கா கேக்கணும். "ஏன் நடவடிக்கை எடுக்கல"ன்னு கேட்டா அது தகவலே இல்லன்னு திருப்பிடுவாங்க. "இந்தக் கதவு எண், இந்த டவுன் சர்வே நம்பர்ல இயங்கும் நிறுவனத்துக்கு வழங்கிய இசைவாணை நகல், கடைசி மூணு வருஷ ஆய்வு அறிக்கை நகல், அனுப்பிய நோட்டீஸ் நகல்" அப்படின்னு ஆவணமா கேளுங்க. மின்வாரியத்துல அந்த இணைப்பு வீட்டு டாரிஃப்பா, கடை டாரிஃப்பா, தொழிற்சாலை டாரிஃப்பான்னு கேளுங்க. "அந்த முகவரிக்கு இசைவாணை எதுவும் வழங்கப்படவில்லை"ன்னு ஒரு வரி பதில் வந்துச்சுன்னா, அதை விட பெரிய ஆயுதம் உங்க கையில வேற எதுவும் கிடையாது, நூறு போட்டோவுக்கு சமம் அது. கன்சென்ட் இருந்துச்சுன்னாலும் ஏமாற வேண்டாம், அதுல இருக்குற நிபந்தனைகளை வரி வரியா படிங்க, புகைபோக்கி எத்தனை மீட்டர் உயரம், கழிவுநீர் எங்க போகணும், எத்தனை மணி வரைக்கும் ஓட்டலாம், என்ன உற்பத்தி எவ்வளவு. எழுதி இருக்குறதுக்கும் நடக்குறதுக்கும் இடைவெளி இல்லாத பட்டறை ரொம்ப கம்மி.

ஆதாரம்

ஒரு நோட்டு போடுங்க, தேதி, நேரம், என்ன நடந்துச்சு, யாரு பாத்தது, அவ்வளவுதான். "எப்பவும் நாத்தம்"ங்கிறது கோர்ட்ல நிக்காது, "செவ்வாய் ராத்திரி 11.40ல இருந்து 2 மணி வரைக்கும் கிரைண்டிங் சத்தம்"ங்கிறது நிக்கும். சத்தத்துக்கு 2000ம் வருஷ விதிகள்ல குடியிருப்புப் பகுதிக்கு பகல்ல 55 டெசிபல், ராத்திரி 45னு அளவு இருக்கு, ராத்திரின்னா 10 மணியில இருந்து காலையில 6 மணி வரைக்கும். போன் ஆப்ல அளக்குறது உங்க மனு எழுதுறதுக்கு உதவும், ஆனா அதுவே சாட்சி ஆகாது, வாரியத்தை வந்து அளக்கச் சொல்லி எழுத்துல கேக்குறதுக்கு அது ஒரு காரணம், அவ்வளவுதான்.

தண்ணி விஷயத்துல இது இன்னும் முக்கியம். கால்வாய்ல கலர் தண்ணி ஓடுதுன்னு நீங்களே பாட்டில்ல புடிச்சு லேப்புக்கு குடுத்தா, எதிர்த்தரப்பு வக்கீல் முதல் கேள்வியிலயே "அது எங்க யூனிட் தண்ணிதான்னு என்ன ஆதாரம்"னு உடைச்சிடுவாரு. தண்ணீர் சட்டம் 21வது பிரிவு, காற்றுச் சட்டம் 26வது பிரிவு, ரெண்டும் சாம்பிள் எப்படி எடுக்கணும்னு சொல்லுது, வாரிய அதிகாரி நோட்டீஸ் குடுத்து, ஓனர் தரப்புக்கு முன்னாடி எடுத்து, சீல் வச்சு அனுப்பணும். அதனால உங்க பாட்டில் ரிப்போர்ட்டை அங்கீகாரம் உள்ள லேப்ல எடுத்து, அதை வச்சுக்கிட்டு வாரியத்தை முறைப்படி சாம்பிள் எடுக்க வைங்க. உங்க கிணறு, போர்வெல் தண்ணியை டெஸ்ட் பண்றது வேற, அது தாராளமா பண்ணலாம், பண்ணவும் வேணும்.

வீட்ல யாருக்காவது மூச்சுத்திணறல், தோல் அரிப்பு இருந்தா டாக்டர் சீட்டை பத்திரமா வைங்க, ஆனா "இந்தப் பட்டறையாலதான் வந்துச்சு"ன்னு நீங்களா முடிவு கட்டி மனுவுல எழுதாதீங்க. தேதியோட குடுங்க, தொடர்பை கோர்ட் போடுற கமிட்டி சொல்லட்டும். மிகைப்படுத்தின ஒரே ஒரு வரி போதும், மிச்ச உண்மையையும் சேர்த்து சந்தேகப்பட வச்சிடும்.

புகார் குடுக்குறது சும்மா சடங்கு இல்ல

கோர்ட்ல முதல்ல கேக்குறதே "அதிகாரிகிட்ட போனீங்களா"ன்னுதான். வாரியத்தோட மாவட்டப் பொறியாளருக்கும், மாநகராட்சி ஆணையருக்கும், கலெக்டருக்கும் ஸ்பீடு போஸ்ட்ல (பதிவுத் தபால் 2025ல அதோட சேர்ந்தாச்சு) அனுப்பி, போய்ச் சேர்ந்ததுக்கான ஆதாரத்தை வச்சுக்கோங்க. திங்கக்கிழமை குறைதீர் நாள்ல கலெக்டர்கிட்ட நேர்ல குடுத்து ரசீது வாங்குங்க, 1100க்கு போன் பண்ணி புகார் எண்ணை குறிச்சு வைங்க. மனுவுல தெரிஞ்ச விஷயத்தை மட்டும் எழுதி, கேக்குறதை தெளிவா கேளுங்க: தண்ணீர் சட்டம் 33ஏ, காற்றுச் சட்டம் 31ஏ பிரிவுகள்ல மூடவும், கரண்ட்டையும் தண்ணியையும் துண்டிக்கவும் உத்தரவு போடுங்கன்னு. இந்த ரெண்டு பிரிவையும் மனப்பாடமா வச்சுக்கோங்க, வாரியத்துக்கு கோர்ட் ஆர்டர் இல்லாமலே மூட வைக்கிற அதிகாரத்தைக் குடுக்குறது இதுதான். 2025 ஆகஸ்ட்ல சுப்ரீம் கோர்ட் இன்னொண்ணும் சொல்லிடுச்சு, இதே பிரிவுகளை வச்சு வாரியம் மாசு பண்ணவங்ககிட்ட இழப்பீடும் வசூலிக்கலாம்னு. அதையும் மனுவுல சேர்த்துக் கேளுங்க.

தெருக்காரங்க பத்து இருபது பேரு கையெழுத்து இருந்தா நல்லது, குடியிருப்போர் சங்கம் இருந்தா தீர்மானம் போட்டு குடுங்க. ஒரே ஆளா போனா "முன்விரோதம், வாடகைத் தகராறு"ன்னு கதை கட்டுவாங்க. அப்புறம் மிரட்டல் வந்தா அன்னைக்கே ஸ்டேஷன்ல புகார் குடுத்து சிஎஸ்ஆர் (புகார் வாங்கினதுக்கான ரசீது) வாங்கிடுங்க, பொறுத்துக்கிட்டு இருக்காதீங்க.

எந்தக் கதவைத் தட்டுறது

இதுலதான் நிறைய பேரு வருஷக்கணக்கா நேரத்தை விடுறாங்க. மூணு வழி இருக்கு, உங்க பிரச்சனை என்னங்கிறதை வச்சு எடுக்கணும்.

பக்கத்துலயே இருக்குறது ஆர்டிஓ, வண்டி ஆபீஸ் இல்ல, வருவாய் கோட்டாட்சியர். பொதுத் தொல்லையை அகற்றச் சொல்லி உத்தரவு போடுற அதிகாரம் அவருக்கு இருக்கு, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துல 133வது பிரிவு, இப்போ அதுக்குப் பதிலா வந்த பிஎன்எஸ்எஸ் சட்டத்துல 152. 1980ல ரத்லாம் நகராட்சி வழக்குல சுப்ரீம் கோர்ட் இந்தப் பிரிவை வச்சுத்தான், காசு இல்லன்னு நகராட்சி தப்பிக்க முடியாதுன்னு சொல்லுச்சு. மாசு சட்டங்கள் வந்த பிறகு இந்தப் பிரிவு செல்லாதுன்னு சில ஆலைக்காரங்க வாதம் பண்ணப்போ, இல்ல ரெண்டும் சேர்ந்தே இருக்கும்னு 2003ல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. செலவு கம்மி, வக்கீல் கட்டாயம் இல்ல, சத்தம், தூசி, புகை மாதிரி கண்ணுக்குத் தெரியுற தொல்லைக்கு பொருத்தமான வழி இது, ஏனோ ரொம்ப பேரு இதைப் பத்தி யோசிக்கிறதே இல்ல.

ரெண்டாவது பசுமைத் தீர்ப்பாயம், என்ஜிடி. தென்மண்டல அமர்வு சென்னை சேப்பாக்கம் கலச மஹால்ல. தண்ணீர், காற்று, சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டம் மீறப்பட்டிருக்குன்னா இங்க போகலாம். இழப்பீடு கேக்கலைன்னா மனுக் கட்டணம் 1000 ரூபா, நீங்களே நேர்ல வாதாடலாம். ஆனா கெடு இருக்கு: என்ஜிடி சட்டம் 14வது பிரிவுல பிரச்சனை முதல்ல எழுந்த நாள்ல இருந்து 6 மாசம், காரணம் காட்டினா மேல 60 நாள். இழப்பீடு, மீட்டெடுப்பு கேக்குறதுக்கு 15வது பிரிவுல 5 வருஷம். தொடர்ந்து நடக்குற மாசு, அதனால கெடு ஓடாதுன்னு வாதம் பண்ணலாம்தான், ஆனா அதை நம்பி உக்காராதீங்க, ஆர்டிஐ பதில் வந்த உடனே போட்டுடுங்க. இன்னொரு முக்கியமான விஷயம், நகரமைப்புச் சட்டம் என்ஜிடியோட பட்டியல்ல இல்ல. உங்க ஒரே புகார் "ஜோன் மீறல்"னா அது இங்க நிக்காது.

அதுக்குத்தான் மூணாவது, ஹைகோர்ட்ல ரிட். தென் மாவட்டம்னா மதுரை அமர்வு. அதிகாரி கடமையைச் செய்யலை, செய்யச் சொல்லுங்கன்னு கேக்குறது. சுத்தமான காத்தும் தண்ணியும் அரசியல் சட்டம் 21வது பிரிவுல வர்ற வாழும் உரிமைக்குள்ள அடங்கும்னு 1991லயே சுப்ரீம் கோர்ட் சொல்லியாச்சு, அதை அடித்தளமா வச்சுக்கலாம்.

தப்பான கதவைத் தட்டுனா என்ன ஆகும்னு ஸ்டெர்லைட் வழக்கைப் பாருங்க. 2018 மே மாசம் மூடுனாங்க, டிசம்பர்ல என்ஜிடி திறக்கச் சொல்லுச்சு, 2019 பிப்ரவரியில சுப்ரீம் கோர்ட் அந்த வழக்கை எடுக்க என்ஜிடிக்கு அதிகாரமே இல்லன்னு ரத்து பண்ணுச்சு, அப்புறம் கம்பெனி ஹைகோர்ட்ல முதல்ல இருந்து ஆரம்பிச்சு, 2020 ஆகஸ்ட்ல அங்க தோத்து, 2024 பிப்ரவரியில சுப்ரீம் கோர்ட்லயும் தோத்துச்சு. அவ்வளவு பெரிய வக்கீல் படை வச்சிருந்த கம்பெனிக்கே இந்த நிலைமை, நம்மகிட்ட அவ்வளவு நேரமும் இல்ல, பணமும் இல்ல. வக்கீல் வைக்க முடியலைன்னா சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு போங்க, 15100ல கூப்பிடலாம், பெண்களுக்கும் எஸ்சி எஸ்டி மக்களுக்கும் வருமானம் பாக்காமலே இலவசமா வக்கீல் குடுப்பாங்க.

என்ன கேக்குறீங்கங்கிறதுதான் எல்லாம்

இதை கொஞ்சம் நிதானமா படிங்க. ஹைகோர்ட்ல ரொம்ப சாதாரணமா வர்ற ஆர்டர் என்ன தெரியுமா, "மனுதாரரின் மனுவை 8 வாரத்துக்குள் பரிசீலித்து சட்டப்படி முடிவெடுக்கவும்". இதை வாங்கிட்டு ஜெயிச்சுட்டோம்னு தெருவுல ஸ்வீட் குடுப்பாங்க, ஆனா அது மூடச் சொல்ற ஆர்டர் கிடையாது, அதிகாரி பரிசீலிச்சு "விதிமீறல் இல்லை"ன்னு எழுதினாலும் ஆர்டரை நிறைவேத்தினதா ஆயிடும். நம்ம வேண்டுகோளை "மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்க"ன்னு எழுதுனா அதுதான் கிடைக்கும். அதனால வக்கீல்கிட்ட உக்காந்து, கன்சென்ட் இல்லாம ஓடுற யூனிட்டை மூடி, சீல் வச்சு, கரண்ட்டைத் துண்டிச்சு, இத்தனாம் தேதிக்குள்ள அறிக்கை தாக்கல் பண்ணச் சொல்லுங்கன்னு கேக்கச் சொல்லுங்க. வாரியம், மாநகராட்சி, திட்ட ஆபீஸ், மின்வாரியம், போலீஸ், எல்லாரையும் எதிர்மனுதாரரா சேர்த்துடுங்க, ஒருத்தரை விட்டாலும் அவரைக் காட்டி மத்தவங்க தப்பிச்சுக்குவாங்க. பட்டறை ஓனரையும் கட்டாயம் சேர்க்கணும், அவரைக் கேக்காம வாங்குன ஆர்டர் மேல போனா விழுந்துடும்.

இடைக்காலமா ஒரு கூட்டு ஆய்வுக் கமிட்டி கேளுங்க, முன்னறிவிப்பு இல்லாம வரணும்னும் சேர்த்துக் கேளுங்க, என்ஜிடியில இது அடிக்கடி போடுறாங்க. கமிட்டி வர்ற அன்னைக்கு நீங்களும் அங்க இருங்க. அதோட அறிக்கைதான் பெரும்பாலும் கேஸோட தலையெழுத்து.

ஓனர் தரப்பு என்ன சொல்லும்

"நாங்க 30 வருஷமா இருக்கோம், நீங்கதான் பின்னாடி வந்து வீடு கட்டுனீங்க." இதைக் கேட்டு நிறைய பேரு சுருங்கிப் போறாங்க, வேண்டாம். பொதுத் தொல்லையை பல வருஷம் பண்ணுனா அது உரிமையா மாறாது, கன்சென்ட் இல்லாததை வயசு சரி பண்ணாது. ஆனா நேர்மையா சொல்லணும்னா, மாஸ்டர் பிளான் வர்றதுக்கு முன்னாடி முறைப்படி அனுமதி வாங்கி இருந்தவங்களுக்கு ஜோன் விஷயத்துல ஒரு பிடி இருக்கும், அந்த மாதிரி இடத்துல ஜோனை விட்டுட்டு மாசை மட்டும் பிடிங்க.

"முறைப்படுத்த விண்ணப்பம் போட்டிருக்கோம்." விண்ணப்பம் அனுமதி ஆகாது. டெல்லியில இதே கதைதான் பெரிய அளவுல நடந்துச்சு. சுற்றுச்சூழல் வக்கீல் எம்.சி. மேத்தா போட்ட வழக்குல 1996 ஜூலையில 168 அபாயகரமான ஆலைகளை நவம்பர் 30க்குள்ள டெல்லியில நிறுத்தணும்னு சுப்ரீம் கோர்ட் சொல்லுச்சு. குடியிருப்புக்குள்ள இருந்த சின்ன யூனிட்டுகளை இருக்குற இடத்துலயே முறைப்படுத்திடலாம்னு அரசு பாத்தப்போ, 2004 மே மாசம் அதையும் ஏத்துக்காம, 1990 ஆகஸ்ட் 1க்கு பிறகு அனுமதி இல்லாத பகுதியில முளைச்ச யூனிட்டுகளை மூடச் சொல்லுச்சு. நம்ம ஊர்லயும் 1996 ஆகஸ்ட்ல வேலூர் தோல் ஆலைகள் வழக்குல, பாலாத்தை நாசம் பண்ணதுக்கு ஒவ்வொரு ஆலைக்கும் 10,000 ரூபா அபராதம் போட்டு, மாசு பண்ணவனே செலவையும் ஏத்துக்கணும்ங்கிற கொள்கை இந்த நாட்டுச் சட்டம்தான்னு உறுதி பண்ணுச்சு. அந்நியச் செலாவணி வருதேங்கிற வாதத்தையும் அந்த வழக்குல கேட்டுட்டுத்தான் இப்படிச் சொன்னாங்க.

"தொழிலாளிங்க தெருவுக்கு வந்துடுவாங்க." இதை தட்டிக் கழிக்காதீங்க, இது உண்மை. 2000 நவம்பர்ல டெல்லியில மூடலை எதிர்த்து நடந்த போராட்டத்துல துப்பாக்கிச் சூடு வரைக்கும் போச்சு. அந்த நெடியை நம்மளை விட பக்கத்துல நின்னு சுவாசிக்கிறது அவங்கதான், வேலையும் போகணும்னா எப்படி. அதனால உங்க மனுவுலயே இதுக்கு ஒரு பத்தி வைங்க: சிட்கோ மாதிரி தொழிற்பேட்டைக்கு மாத்திக்க கெடு குடுங்க, தொழிலாளிங்களுக்கு வேலைத் தொடர்ச்சி குடுங்க. 1996 டெல்லி ஆர்டர்லயே இடம் மாறுற ஆலைங்க தொழிலாளிங்களுக்கு ஒரு வருஷச் சம்பளத்தை இடமாற்றப் படியா குடுக்கணும்னு இருந்துச்சு. நீங்க முன்கூட்டியே இதைக் கேட்டீங்கன்னா நியாயமும் உங்க பக்கம், ஜட்ஜுக்கும் ஆர்டர் போட வழி கிடைக்கும்.

ஆர்டர் கையில வந்த பிறகு

சான்றளிக்கப்பட்ட நகல் வாங்கி, ஒரு கவரிங் லெட்டரோட எல்லா எதிர்மனுதாரருக்கும் நீங்களே அனுப்புங்க, ஆபீஸ்ல இருந்து போகும்னு காத்திருக்காதீங்க. ஓனர் ஸ்டே வாங்க ஓடுவாருன்னு தெரியும், அதனால முன்னாடியே கேவியட், அதாவது எங்களைக் கேக்காம உத்தரவு போடாதீங்கன்னு சொல்ற மனு, போட்டு வைங்க, அது 90 நாள்தான் நிக்கும், முடிஞ்சதும் திரும்பப் போடணும். வாரியமே மூடல் உத்தரவு போட்டு, அதை எதிர்த்து ஓனர் கேஸ் போட்டிருந்தா, அதுல உங்களையும் சேர்க்கச் சொல்லி மனு போடுங்க. வாரியமும் ஓனரும் மட்டும் இருக்குற வழக்குல தெருவுக்காக பேச யாரும் இருக்க மாட்டாங்க.

சீல் வைக்கிற அன்னைக்கு வீடியோ எடுங்க, மின்சார மீட்டர் நம்பரை குறிச்சு வைங்க. கரண்ட்டைத் துண்டிக்காத மூடல் மூடலே இல்ல. 2011 ஜனவரியில திருப்பூர் சாய ஆலைகளை மூடச் சொன்ன மெட்ராஸ் ஹைகோர்ட் மின் இணைப்பையும் சேர்த்துத்தான் துண்டிக்கச் சொல்லுச்சு. துண்டிச்சாலும் மூணு தந்திரம் பண்ணுவாங்க: டீசல் ஜெனரேட்டர், பக்கத்து வீட்டு இணைப்புல இருந்து ஒயர், இல்லன்னா வேற பேர்ல நாலு கதவு தள்ளி புது ஷெட். அதனால ஆர்டர்லயே ஜெனரேட்டரையும் சேர்த்து சீல் வைக்கச் சொல்லிக் கேக்குறது நல்லது, பின்பக்கக் கதவுன்னு ஒண்ணு இருந்தா அதையும் படத்தோட குறிப்பிடுங்க. உங்க நோட்டை மூடல் ஆன பிறகும் விடாம எழுதுங்க, ராத்திரி சத்தம் கேட்டா அடுத்த நாளே எழுத்துல வாரியத்துக்கு தகவல் குடுங்க.

ஆர்டரை மதிக்கலைன்னா, ஹைகோர்ட்ல அவமதிப்பு மனு, அதுக்கு மீறல் நடந்த நாள்ல இருந்து ஒரு வருஷம்தான் கெடு, "பேசிக்கிட்டு இருக்கோம்"னு இழுத்தா அது போயிடும். என்ஜிடி ஆர்டர்னா 25வது பிரிவுல நிறைவேற்று மனு போடலாம், சிவில் கோர்ட் தீர்ப்பு மாதிரியே நிறைவேத்துற அதிகாரம் அதுக்கு இருக்கு.

கடைசியா எல்லாரும் மறக்குற வேலை ஒண்ணு இருக்கு. ஷட்டரை இறக்கிட்டாங்க, சரி, உள்ள இருக்குற ஆசிட் டிரம், பிளேட்டிங் தொட்டியில மிச்சமிருக்குற திரவம், மூட்டை மூட்டையா ஸ்லட்ஜ்ங்கிற கழிவுச் சேறு, அதெல்லாம் எங்க போகும்? அப்படியே விட்டா மழையில கரைஞ்சு உங்க போர்வெல்லுக்குத்தான் வரும், இல்லன்னா ஒரு ராத்திரி டெம்போல ஏத்தி ஏதாவது ஏரியில கொட்டிடுவாங்க. 2016 அபாயகரக் கழிவு விதிப்படி பொதுவா 90 நாளுக்கு மேல வச்சிருக்கவே கூடாது, அனுமதி பெற்ற மையத்துக்குத்தான் அனுப்பணும், நம்ம மாநிலத்துல கும்மிடிப்பூண்டியில அப்படி ஒண்ணு இருக்கு. அதனால சீலை தற்காலிகமா திறந்து வாரியம் முன்னிலையில கழிவை எடுத்து அனுப்பவும், அனுப்புன ரசீதை தாக்கல் பண்ணவும், ஓனர் செலவுல மண்ணையும் நிலத்தடி நீரையும் டெஸ்ட் பண்ணவும் கேட்டு ஒரு மனு போடுங்க. அந்த ரசீது நகலை வாங்கி உங்க ஃபைல்ல சேர்த்த பிறகு வழக்கை முடிச்சுக்க சம்மதிச்சா போதும்.